மாத்திரை போட்டாச்சு, சாப்பாடு ஆகவில்லை: மறையூர் சாலையில் ஒரு சர்க்கரைத் தாழ்வு

பின்னணி

பாளையங்கோட்டைப் பக்கம் காலையில் சேர்ந்து நடக்கப் போகும் பெரியவர்கள் சிலர், பென்ஷன்காரர்களும் அவர்கள் வீட்டாருமாக, பொங்கல் கழிந்ததும் மலைப் பக்கம் ஐந்து நாள் பஸ் டூர் போவதென்று முடிவு செய்தார்கள். தேக்கடி, மூணாறு, இரவிகுளம், டாப்சிலிப், ஊட்டி, முதுமலை. வழிநெடுக தேசியப் பூங்காவும் புலிகள் காப்பகமுமாக வருகிற பாதை. மொத்தம் 36 பேர். பெரும்பாலோர் அறுபதைத் தாண்டியவர்கள். பஸ்ஸோடு ஒரு கைடு, ஒரு டிரைவர், ஒரு உதவியாள். கைடு திருநெல்வேலிப் பையன்தான், முப்பது வயதுக்குள் இருக்கும். அறைப் பட்டியல், சீட்டுப் பட்டியல், கணக்கு ஆகியவை என் பொறுப்பில் இருந்தன.

இதில் சம்பந்தப்பட்ட அம்மாவுக்கு வயது 67. மருமகளோடு வந்திருந்தார். சர்க்கரை நோய் வந்து பல வருடம் ஆகிறது. கிளிமிபிரைடும் மெட்ஃபார்மினும் சேர்ந்த மாத்திரை காலையும் இரவும். இரத்த அழுத்தத்துக்கு அடினோலால். வீட்டில் இருக்கும்போது நேரம் தவறாமல் மாத்திரை போடுகிறவர், நேரம் தவறாமல் சாப்பிடுகிறவர். இந்த ஒழுங்குதான் பின்னால் நடந்ததைப் புரிந்துகொள்ள முக்கியம். குடும்பத்தாரின் சம்மதத்தோடு இதை எழுதுகிறேன். ஆளை அடையாளம் காட்டும் விவரங்களை விட்டுவிட்டேன்.

கிளம்புவதற்கு முன்

மாதம் தையாக அமைந்ததற்குக் காரணம் உண்டு. வரையாடு குட்டி ஈனும் பருவம் என்பதால் இரவிகுளத்தை வழக்கமாக பிப்ரவரி, மார்ச்சில் மூடிவிடுவார்கள். அதற்குள் போய்வர வேண்டும். நீலகிரிக்கு 2024 மே மாதத்திலிருந்து இ-பாஸ் கட்டாயம், அது எடுத்தாயிற்று. கேரளா பெர்மிட், இரவிகுளம் டிக்கெட், டாப்சிலிப்பில் வனத்துறை வண்டிக்கு ஏற்பாடு, அறைகள், ஸ்வெட்டர், குல்லா, பிளாஸ்டிக் பாட்டில் கொண்டுவரக் கூடாது என்ற எச்சரிக்கை எல்லாம் சரியாகவே நடந்தன.

யாருக்கு என்ன நோய், என்ன மாத்திரை என்ற பட்டியல் மட்டும் எடுக்கப்படவில்லை. சுற்றுலா நடத்துகிறவர்கள் கேட்கும் வழக்கமில்லை, வருகிறவர்களும் சொல்வதில்லை. பெயர், வயது, ஆதார் எண், சைவமா அசைவமா என்பதோடு படிவம் முடிந்துவிடுகிறது. பஸ் சீட்டும் பணம் கட்டிய வரிசைப்படி. கடைசியில் சேர்ந்த இந்த அம்மாவுக்குப் பின் சக்கரத்துக்கு மேலே இருக்கும் சீட்டு கிடைத்தது. மலைப் பாதையில் குலுக்கலும் ஆட்டமும் அங்கேதான் அதிகம்.

முதல் இரண்டு நாள்

இரவு திருநெல்வேலி வண்ணாரப்பேட்டையில் கிளம்பி ராஜபாளையம், தேனி, கம்பம் வழியாக விடிகாலையில் குமுளி. தேக்கடியில் படகு, மாலையில் ஓய்வு. ஒரு குறையும் இல்லை.

ஆடி அமாவாசைக்குக் காரையாற்றில் இருக்கும் சொரிமுத்தையன் கோவிலுக்கு ஆண்டுதோறும் போய் வருகிறவர்கள் நம் ஊரில் நிறைய. அதனால் மலை ரோடு நமக்குப் பழக்கம் என்ற நினைப்பு எல்லாருக்கும் இருந்தது. பாபநாசத்திலிருந்து காரையாறு போகிற ஏற்றம் சின்ன ஏற்றம், ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். குமுளியிலிருந்து மூணாறு அப்படியில்லை. அரை நாள் முழுக்க வளைவும் ஏற்ற இறக்கமும்தான். இரண்டாம் நாள் அந்த வழியில் ஏழெட்டுப் பேருக்குக் குமட்டல். இந்த அம்மா இரண்டு தடவை வாந்தி எடுத்தார். பஸ்ஸில் அத்தனை பேர் முன்னால் எடுக்க வேண்டியதாகிவிட்டதே என்று ரொம்பக் கூசிப்போனார்.

அன்றைக்கு இன்னொன்றும் கண்ணில் பட்டது. பெண்களில் பலர் தண்ணீரே குடிக்கவில்லை. மலைப் பாதையில் கழிப்பறை எங்கே வருமோ என்ற கவலை. வாந்திக்குப் பயந்து சாப்பாட்டையும், கழிப்பறைக்குப் பயந்து தண்ணீரையும் குறைக்கிறார்கள், மாத்திரையை மட்டும் குறைப்பதில்லை. யானையைப் பற்றியும் அட்டையைப் பற்றியும் கைடு அத்தனை எச்சரிக்கை சொன்னார். வயதானவர்கள் நிறைந்த பஸ்ஸுக்கு உண்மையான ஆபத்து இந்தப் பட்டினிதான் என்று இப்போது உறுதியாகச் சொல்வேன்.

மூன்றாம் நாள் காலை

இரவிகுளத்தில் கூட்டம் சேருமுன் போய்விட வேண்டும் என்று காலை ஆறரைக்கே மூணாறு விடுதியிலிருந்து கிளம்பினோம். விடுதியில் உட்கார்ந்து சாப்பிட நேரமில்லை. இட்லியைப் பொட்டலமாகக் கட்டி ஆளுக்கொன்று கொடுத்தார்கள்.

அந்த அம்மா ஆறு மணிக்கே சர்க்கரை மாத்திரை போட்டுவிட்டார். சாப்பாட்டுக்கு முன் போடச் சொல்லியிருக்கிறார்கள், போட்டார். அதோடு, முந்தின நாள் போல ஆகக் கூடாதென்று பக்கத்து சீட்டுக்காரர் கொடுத்த புரோமெத்தசின் வகை வாந்தி மாத்திரையும் ஒன்று. இட்லிப் பொட்டலத்தைப் பிரித்து ஒரு வாய் வைத்துவிட்டு, "எறங்கி வந்து சாப்பிட்டுக்கிடுதேன்" என்று மருமகளிடம் மூடிக் கொடுத்துவிட்டார்.

இரவிகுளத்தில் நம் வண்டி வாசலோடு சரி. மேலே ராஜமலைக்கு வனத்துறை பஸ்தான். பொட்டலம், பிஸ்கட் எல்லாவற்றையும் எங்கள் பஸ்ஸிலேயே விட்டுவிட்டு ஏறினோம். ராஜமலையில் இறங்கி நல்ல ஏற்றத்தில் நடக்க வேண்டும். பனி விலகிக்கொண்டிருந்தது. வரையாடுகள் குட்டிகளோடு பாதை ஓரத்துக்கே வந்து நின்றன. 1978இல் தேசியப் பூங்கா ஆன இடம், ஆனைமுடி 2695 மீட்டர் என்று கைடு சொல்லிக்கொண்டே வந்தார். அந்த அம்மா உற்சாகமாகவே நடந்தார். முன்னால் நடந்தவர்களில் அவரும் ஒருவர்.

மாத்திரை வயிற்றில், சாப்பாடு இல்லை, மேலே ஏற்ற நடை. மூன்றும் சேர்ந்து இரத்தத்தில் இருக்கும் சர்க்கரையைக் கீழே இழுத்திருக்கும். வாசலுக்குத் திரும்பும்போது மணி பதினொன்று. பசியோடு வந்தவர்களுக்கு யாரோ அல்வா டப்பாவைத் திறந்து கொடுத்தார்கள். சர்க்கரை இருக்கிறதென்று இந்த அம்மா வேண்டாம் என்றுவிட்டார். இலையில் கிள்ளி மற்றவர்களுக்கு எடுத்துக் கொடுத்ததோடு சரி.

லக்கம் அருவியில் கவனித்தது

மறையூர் சாலையில் பஸ் கிளம்பிய சிறிது நேரத்தில் அவர் தூங்கிவிட்டார். பன்னிரண்டு மணி வாக்கில் லக்கம் அருவியில் படம் எடுக்க நிறுத்தினார்கள். மருமகள் தட்டி எழுப்பினார். "அத்தை, அருவி வந்துட்டு, எறங்கலையா?"

"நீ போயிட்டு வாளா. மாத்திரை கண்ணைக் கட்டுது."

வாந்தி மாத்திரை தூக்கம் வர வைக்கும் என்பது எல்லாருக்கும் தெரிந்ததே. அதனால் யாரும் சந்தேகப்படவில்லை. மலை உயரம் ஒத்துக்கொள்ளவில்லை என்று ஒருவர் சொன்னார். அதுவும் பொருந்தாது. உயரத்தால் வரும் நோய் பொதுவாக 2500 மீட்டருக்கு மேல்தான், மூணாறு ஊரே 1600 மீட்டர் அளவில்தான் இருக்கிறது, நாங்கள் அதைவிட இறங்கிக்கொண்டிருந்தோம்.

பயணிகளில் ஓய்வுபெற்ற ஸ்டாஃப் நர்ஸ் ஒருவர் இருந்தார். எல்லாரும் இறங்கிய பிறகு தன் சால்வையை எடுக்க மறுபடி ஏறியவர், இந்த அம்மாவைத் தாண்டும்போது நின்றார். எல்லாரும் ஸ்வெட்டர் போட்டிருக்கிற குளிர். அந்த அம்மாவின் மேலுதட்டிலும் நெற்றியிலும் முத்து முத்தாக வேர்வை. கழுத்தைத் தொட்டுப் பார்த்தால் சில்லென்று இருந்தது, ரவிக்கையின் பின்பக்கம் நனைந்திருந்தது. "தூக்கத்துல இப்படி வேர்க்காது" என்று கைடைக் கூப்பிட்டார். "ஆச்சி, இன்னைக்கு என்ன கிழமை?" என்று கைடு கேட்டார். "பொங்கல்" என்றார் அம்மா, நாக்கு குழறியது.

சர்க்கரை இறங்கினால் கை நடுங்கும், நெஞ்சு படபடக்கும் என்று சர்க்கரைக்காரர்கள் பலருக்குத் தெரியும். இந்த அம்மாவுக்கு இரண்டும் தெரியவில்லை. அடினோலால் வகை மாத்திரைகள் நடுக்கத்தையும் படபடப்பையும் மறைத்துவிடும், வேர்வையை மறைக்காது. வேர்வை ஒன்றுதான் அங்கே காட்டிக்கொடுத்தது. அந்த நர்ஸ் சால்வையை மறக்காமல் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைக்கவே பதறுகிறது.

சுகர் மிஷின் மூன்று பேரிடம் இருந்தது, யாரிடம் என்றுதான் கேட்டுத் தேட வேண்டியிருந்தது. குத்துவதற்கு முன் நர்ஸ் அந்த அம்மாவின் விரலைத் தண்ணீர் விட்டுக் கழுவித் துடைத்தார். அல்வா கிள்ளிக் கொடுத்த விரல், அதில் ஒட்டியிருக்கும் இனிப்பு அளவைப் பொய்யாகக் கூட்டிக் காட்டிவிடும். வந்த அளவு 48. 70க்குக் கீழே போனாலே தாழ்வு.

உடனே செய்ததும் காரணமும்

விழித்திருக்கிறார், விழுங்க முடிகிறது என்பதை நர்ஸ் முதலில் உறுதி செய்துகொண்டார். நினைவில்லாதவர் வாயில் எதையும் ஊற்றக் கூடாது, மூச்சுக்குழாயில் போய்விடும். யாரோ அல்வாவை நீட்டினார்கள், இன்னொருவர் சாக்லேட்டை. நர்ஸ் இரண்டையும் வேண்டாம் என்றார். நெய்யும் கொழுப்பும் இருப்பதால் சர்க்கரை இரத்தத்தில் சேர நேரமாகும். அருவி அருகே இருந்த டீக்கடையில் சீனி வாங்கி, மூன்று தேக்கரண்டி, அதாவது ஏறக்குறைய 15 கிராம், அரை டம்ளர் தண்ணீரில் கரைத்துக் கொஞ்சம் கொஞ்சமாகக் குடிக்கக் கொடுத்தார். 15 நிமிடம் கழித்துப் பார்த்தால் 61. மறுபடி அதே அளவு. அடுத்த 15 நிமிடத்தில் 84. அம்மாவுக்குத் தெளிவு வந்தது. கிழமையைச் சரியாகச் சொன்னார். காலையில் மூடி வைத்த இட்லியில் இரண்டைச் சாப்பிட வைத்தார்கள்.

இனி எங்கே போவது

பஸ்ஸில் எல்லாருக்கும் நிம்மதி. "தம்பி, அதான் 84 வந்துட்டே, இனி ஆஸ்பத்திரி என்னத்துக்கு? இருட்டுக்குள்ள உடுமலை போயிரலாம்" என்று ஒரு அண்ணாச்சி சொன்னார். பலருக்கும் அதே எண்ணம். அம்மாவும், தன்னால் எல்லாருக்கும் இடைஞ்சல் வேண்டாம் என்று அதையே சொன்னார்.

கைடு முன்னால் மூன்று வழி இருந்தது. திரும்பி மூணாறு போகலாம், ஆனால் தூரமும் அதிகம், மறுபடி ஏற்றம். திட்டப்படி மறையூரில் சாப்பிட்டுவிட்டு நேரே உடுமலைப்பேட்டை போகலாம். அல்லது மறையூரில் ஆஸ்பத்திரியில் காட்டிவிட்டு மற்றதை யோசிக்கலாம்.

நர்ஸ் சொன்ன ஒரு விஷயத்தை வைத்து கைடு மூன்றாவதைத் தேர்ந்தார். மெட்ஃபார்மின் மட்டும் என்றால் சர்க்கரை இப்படிச் சரிவது அபூர்வம். கிளிமிபிரைடு வகை மாத்திரை அப்படியில்லை, உடம்பில் நெடுநேரம் நின்று வேலை செய்யும். சீனித் தண்ணீரில் ஏறினது இரண்டு மூன்று மணி நேரத்தில் மறுபடி இறங்கலாம். வயதானவர்களை இதற்காக ஒரு நாள் வரைகூடக் கண்காணிப்பில் வைப்பார்கள். மறையூரைத் தாண்டினால் சின்னாறு சரணாலயம், அதற்கப்புறம் ஆனைமலைக் காடு. உடுமலை வரை நாற்பது கிலோமீட்டருக்கு மேல். செல்போன் சிக்னல் விட்டு விட்டுத்தான் கிடைக்கும், யானை நடமாடும் சாலையில் நினைத்த இடத்தில் வண்டியை நிறுத்தவும் முடியாது. இரண்டாவது தாழ்வு அங்கே வந்தால் கையில் சீனி டப்பா மட்டும்தான் இருக்கும்.

இதை கைடு எல்லாருக்கும் கேட்கும்படி, கோபப்படாமல், இரண்டு தடவை சொன்னார். வயதில் பாதி இருக்கிற பையன் அத்தனை பெரியவர்களின் விருப்பத்துக்கு எதிராக நின்றது எளிதல்ல. இந்த நிகழ்வில் எனக்கு மிகவும் மதிப்பு ஏற்பட்ட இடம் அது.

மறையூரில்

மறையூரில் தமிழ் பேசுகிறவர்கள் நிறைய, அதனால் ஆஸ்பத்திரியில் மொழிச் சிக்கல் இல்லை. டாக்டர் மாத்திரை அட்டையை வாங்கிப் பார்த்ததுமே இன்று இங்கேதான் இருக்க வேண்டும் என்றுவிட்டார்.

அடுத்த கேள்வி, மற்ற 30 பேருக்கு மேல் என்ன செய்வது. அத்தனை பேருக்கும் அந்த ஊரில் திடீரென்று அறை கிடைக்காது. பொள்ளாச்சியில் அறை பதிவாகியிருந்தது. பஸ் மட்டும் வெளிச்சத்தோடு காட்டைத் தாண்டிவிடட்டும், கைடும் நர்ஸும் மருமகளும் அம்மாவோடு தங்கட்டும் என்று முடிவானது. கைடு இல்லாமல் கூட்டத்தை அனுப்பலாமா என்று ஒரு பேச்சு வந்தது. மறுநாள் காலை டாப்சிலிப், அங்கே காட்டுக்குள் கூட்டிப்போவது வனத்துறை வண்டியும் வனத்துறை ஆளும். டிரைவருக்கும் உதவியாளுக்கும் வழி அத்துபடி. பட்டியல்கள் என்னிடம் இருந்ததால் நான் பஸ்ஸோடு போனேன். ஆஸ்பத்திரியில் நடந்ததைப் பின்னால் கைடிடமும் மருமகளிடமும் தனித்தனியாகக் கேட்டுக் குறித்தேன்.

கிளம்புமுன் நர்ஸ் ஒரு காரியம் செய்தார். பஸ்ஸில் சர்க்கரைக்காரர்கள் எத்தனை பேர் என்று வெளிப்படையாகக் கேட்டார். 11 பேர் கை தூக்கினார்கள். காலையில் மாத்திரை போட்டுவிட்டுச் சரியாகச் சாப்பிடாதவர்கள் 4 பேர். அவர்களை எங்கள் முன்னிலையிலேயே சாப்பிட வைத்துவிட்டுத்தான் பஸ்ஸை விட்டார். மறையூர் வெல்லத்துக்கு 2019இல் புவிசார் குறியீடு கிடைத்தது, அதைப் பலரும் வீட்டுக்கு வாங்கினார்கள். டிரைவர் ஒரு உருண்டையை உடைத்து டப்பாவில் போட்டுத் தன் பக்கத்தில் வைத்துக்கொண்டார்.

அப்புறம் நடந்தது

மாலை நான்கு மணிக்குக் கொஞ்சம் முன்னால் அம்மாவுக்கு மறுபடி வேர்த்தது. அளவு 58. மதியம் இரண்டு இட்லிக்கு மேல் சோறும் சாப்பிட்டிருந்தார், அப்படியும் இறங்கியது. குளுக்கோஸ் ஏற்றினார்கள். இரவு முழுவதும் இடைவெளி விட்டு அளவு பார்த்தார்கள். திட்டப்படி போயிருந்தால் அந்த நேரத்தில் பஸ் சின்னாறைத் தாண்டிக் காட்டுக்குள் இருந்திருக்கும்.

மறுநாள் காலை 142. ஊருக்குப் போய்த் தன் டாக்டரைப் பார்க்கும் வரை கிளிமிபிரைடை நிறுத்தச் சொல்லி, மெட்ஃபார்மினை மட்டும் சாப்பாட்டோடு போடச் சொல்லி அனுப்பினார்கள். காரை எடுத்துக்கொண்டு வந்துவிடுகிறேன் என்று மகன் திருநெல்வேலியிலிருந்து போனில் துடித்தார். டாக்டரே அவரிடம் பேசி, பயணத்தைத் தொடரலாம், சாப்பாடு தவறக் கூடாது, நான்கு மணிக்கொரு தடவை அளவு பார்க்க வேண்டும் என்று விளக்கிய பிறகே சமாதானமானார். கைடு வாடகைக் கார் பிடித்து மதியத்துக்குள் பொள்ளாச்சியில் எங்களோடு சேர்ந்துவிட்டார். ஊட்டிக்கும் முதுமலைக்கும் அம்மாவுக்கு முன்வரிசை சீட்டு. வழியில் இரண்டு மணிக்கொரு தடவை எதையாவது சாப்பிட்டார். வாந்தியும் வரவில்லை, சர்க்கரையும் இறங்கவில்லை. தெப்பக்காடு முகாமில் யானைகளுக்குக் கவளம் கொடுப்பதை நின்று பார்த்தார்.

குறைகளும் இருந்தன. மூன்றாம் நாள் மாலை நிகழ்ச்சி போனதற்குச் சிலர் வருத்தப்பட்டார்கள். கார் வாடகையை யார் கொடுப்பது என்று இழுபறி ஆகி, கடைசியில் மகன் பாதி, டூர்காரர்கள் பாதி என்று முடிந்தது.

ஊர் திரும்பிப் பரிசோதித்ததில் சிறுநீரகத்தின் வேலைத்திறன் கொஞ்சம் குறைந்திருந்தது தெரியவந்தது. அப்படிக் குறைந்தவர்களுக்கு இந்த வகை மாத்திரையால் தாழ்வு வரும் வாய்ப்பு கூடுதல். டாக்டர் மருந்தை மாற்றிவிட்டார்.

இனி மாற்றுவது

சர்க்கரை உள்ளவர்களை மலை டூருக்குச் சேர்க்கவே வேண்டாம் என்று எங்கள் கூட்டத்தில் ஒரு கருத்து வந்தது. அதை நான் முழுமையாக எதிர்த்தேன். அந்த வயதில் சர்க்கரையில்லாதவர்களை மட்டும் பொறுக்கினால் நம் ஊரில் ஒரு வேன் நிறையாது. வாழ்நாள் முழுக்க அடுப்படியிலும் ஆபீசிலும் கிடந்தவர்கள் இப்போதுதான் காட்டைப் பார்க்கக் கிளம்புகிறார்கள். அவர்களை வீட்டில் உட்கார வைப்பது தீர்வாகாது. பயணத்தை அவர்களுக்கேற்ப அமைப்பதுதான் வேலை.

முதலில் காலைச் சாப்பாடு. எத்தனை சீக்கிரம் கிளம்பினாலும் உட்கார்ந்து சாப்பிட்ட பிறகே பஸ் நகரும், பொட்டலம் கிடையாது. தட்டு முன்னால் வந்த பிறகே சர்க்கரை மாத்திரை. சாப்பிட முடியாத அன்றைக்கு மாத்திரையை என்ன செய்வது என்று ஒவ்வொருவரும் தங்கள் டாக்டரிடம் முன்கூட்டியே கேட்டு எழுதி வாங்கி வர வேண்டும். வாந்தி மாத்திரையும் அப்படித்தான், பக்கத்து சீட்டில் கடன் வாங்கிப் போடுவது கூடாது. குமட்டல் உள்ளவர்களுக்கு முன் சீட்டு, பணம் கட்டிய வரிசை பார்ப்பதில்லை. இரண்டு மணிக்கொரு தடவை கழிப்பறை உள்ள இடமாகப் பார்த்து நிறுத்தம், அதைக் காலையிலேயே அறிவித்துவிட வேண்டும், அப்போதுதான் பெண்கள் தண்ணீர் குடிப்பார்கள். டிரைவர் பக்கத்தில் குளுக்கோஸ் பொடி, சுகர் மிஷின். காட்டுச் சாலையில் நுழையுமுன் கடைசி ஆஸ்பத்திரி எது என்று கைடு தாளில் எழுதி வைத்திருக்க வேண்டும்.

நோய்ப் பட்டியல் விஷயம் இன்னும் முழுதாகத் தீரவில்லை. அடுத்த பயணத்துக்குப் படிவம் கொடுத்தபோது இரண்டு பேர் நிரப்ப மறுத்துவிட்டார்கள். நாலு பேருக்குத் தெரிந்தால் மகளுக்கு வரன் பார்ப்பதில் சிக்கல் வரும் என்பது ஒருவருடைய கவலை, அதைத் தப்பென்று சொல்ல எனக்கு மனமில்லை. விவரத்தை அவரவரே எழுதி, உறையில் போட்டு ஒட்டி, சீட்டு எண்ணை மட்டும் மேலே எழுதி கைடிடம் கொடுக்கட்டும், அவசரத்தில் மட்டும் பிரிக்கலாம், ஊர் திரும்பியதும் பிரிக்காத உறைகளை அப்படியே திருப்பிக் கொடுத்துவிட வேண்டும் என்று பேசியிருக்கிறோம். இருவரில் ஒருவர் இதற்குச் சம்மதித்துவிட்டார். மற்றவரிடம் அந்த நர்ஸம்மா பேசுவதாகச் சொல்லியிருக்கிறார்.